ஆக்டிங்கில் 16 மாதம் வேலை பார்த்தும் போஸ்ட் வேறொருவருக்குப் போனால் என்ன செய்யலாம்?

தென்னாப்பிரிக்காவின் டர்பனிலிருந்து ஒரு சகோதரி கேட்டிருக்கிறார். திருச்சிப் பக்கம் பிறந்து, கல்யாணமாகி அந்த ஊரின் சாட்ஸ்வர்த் பகுதிக்கு வந்தவர். கணவர் குவாசூலு-நட்டால் மாகாண அரசின் ஒரு துறையில் லெவல் 8 சம்பள நிலையில் இருப்பவர். மேலே லெவல் 9 அசிஸ்டன்ட் டைரக்டர் பதவி காலியானதும் அவரையே ஆக்டிங், அதாவது தற்காலிகப் பொறுப்பு, போட்டார்கள். ஆறு மாதத்துக்கு ஒரு கடிதம், அது முடிந்ததும் இன்னொரு ஆறு மாதத்துக்கு ஒரு கடிதம். அதற்கப்புறம் கடிதம் இல்லை, "நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள்" என்ற வாய்ச்சொல் மட்டும். அலவன்ஸ் 12 மாதத்தோடு நின்றது, வேலை 16 மாதம் ஓடியது. பிறகு விளம்பரம், இன்டர்வியூ, கடைசியில் வெளியிலிருந்து வந்த ஒருவருக்கு நியமனம். ரிக்ரெட் லெட்டர் வந்து ஏழு வாரம் ஆகிறது. "இத்தனை மாதம் வேலை வாங்கிவிட்டு இப்போது கிடையாது என்றால் அது என்ன நியாயம்? கேஸ் போட்டால் போஸ்ட் கிடைக்குமா?" என்கிறார். ஃபீனிக்ஸில் டெம்பரரி டீச்சராக இருக்கும் நாத்தனாருக்கு வேலை எப்போது நிரந்தரமாகும் என்றும் ஒரு கேள்வி.

சுற்றி வளைக்காமல் சொல்லிவிடுகிறேன். அந்தப் பதவி அவர் கைக்கு வருவது கஷ்டம். நின்றுபோன நான்கு மாத அலவன்ஸைக் கேட்க நல்ல வழி இருக்கிறது. தேர்வில் கோளாறு நடந்திருந்தால் நஷ்டஈட்டுக்கும் வாய்ப்பு உண்டு. ஆனால் பதவி உயர்வு பற்றிய புகாருக்கு 90 நாள்தான் கெடு. ஏழு வாரம் போய்விட்டதென்றால் மிச்சம் ஆறு வாரம்கூட இல்லை. யூனியனில் ஷாப் ஸ்டூவர்டாக (வேலையிடப் பிரதிநிதியாக) இருந்த காலத்தில் நான் திரும்பத் திரும்பப் பார்த்தது ஒன்றுதான்: "போஸ்ட் என்னுடையது" என்று ஒரே பிடியாக நிற்பார்கள், நிச்சயமாகக் கிடைக்கக்கூடிய காசை யாரும் கேட்க மாட்டார்கள், அதற்குள் நாள் தாண்டிவிடும்.

தமிழ்நாட்டிலிருந்து வருகிறவர்களுக்கு இதில் ஒரு குழப்பம் வருவது இயல்பு. அங்கே சீனியாரிட்டி, பதவி உயர்வு பேனல் என்று கேட்டுப் பழகிய காது. மேலே இருப்பவர் ரிடையர் ஆனால் பட்டியலில் அடுத்தவர் ஏறுவார். தற்காலிகமாகச் சேர்ந்தவரும் வருஷக்கணக்கில் ஓட்டிவிட்டால் நிரந்தரமாகிவிடலாம் என்ற நம்பிக்கையும் உண்டு. அந்த நம்பிக்கைக்கு அங்கேயே 2006-ல் உமாதேவி வழக்கில் உச்ச நீதிமன்றம் பெரிய பூட்டாகப் போட்டுவிட்டது, அது வேறு கதை. தென்னாப்பிரிக்க அரசு வேலையில் பொதுவாக அந்த ஏணியே கிடையாது. மேலே ஒரு பதவி காலியானால் விளம்பரம் வரும். பத்து வருஷமாக அதே அலுவலகத்தில் இருப்பவரும் தெருவிலிருந்து வருபவரும் அதே இசட் 83 என்ற அரசு வேலை விண்ணப்பப் படிவத்தை நிரப்பித்தான் போட்டியில் இறங்க வேண்டும். இங்கே பதவி உயர்வு என்பது பெரும்பாலும், மேல் பதவிக்கு விண்ணப்பித்து ஜெயிப்பதுதான்.

சரி, ஆக்டிங் என்பது சட்டத்தில் எங்கே நிற்கிறது? 1994-ஆம் வருஷத்து பப்ளிக் சர்வீஸ் சட்டத்தில் நியமனம் செய்யும் அதிகாரம் பிரிவு 9-ல் இருக்கிறது. அது துறையின் அமைச்சருக்கு, மாகாணம் என்றால் எம்இசி எனப்படும் மாகாண அமைச்சருக்கு, அல்லது அவர் எழுத்தில் அதிகாரம் கொடுத்தவருக்கு மட்டும். எப்படித் தேர்ந்தெடுக்க வேண்டும் என்பது பிரிவு 11: விண்ணப்பித்த தகுதியுள்ள எல்லோரையும் பார்க்க வேண்டும், பயிற்சி, திறமை, அறிவு, பழைய அநீதிகளைச் சரிசெய்யும் தேவை எல்லாவற்றையும் எடை போட வேண்டும். ஆக்டிங் வருவது பிரிவு 32-ல். ஊழியரை எழுத்து மூலம் ஒரு பதவியின் வேலையைப் பார்க்கச் சொல்லலாம் என்ற ஏற்பாடு அது. அதாவது உங்கள் கணவர் லெவல் 8 ஊழியராகவே இருந்துகொண்டு லெவல் 9 வேலையைப் பார்த்தார். அந்த நாற்காலியில் அவர் எத்தனை மாதம் உட்கார்ந்தாலும் பிரிவு 9-ன் நியமனம் தானாக நடந்துவிடாது. இதில் கோர்ட்டுகள் பிடிவாதமாக இருக்கின்றன. பதவி உயர்வுக்கு உரிமை என்று ஒன்று கிடையாது, நியாயமாகப் போட்டியிட ஒரு வாய்ப்புக்குத்தான் உரிமை என்று 2012-ல் லேபர் அப்பீல் கோர்ட் நூனன் வழக்கில் சொன்னது. போலீஸ் துறை வழக்கு அது, ஆனால் அந்த வரி இன்று எல்லாத் துறை கேஸ்களிலும் வந்து உட்கார்ந்துகொள்கிறது.

"இன்டர்வியூ வெறும் சம்பிரதாயம், போஸ்ட் உனக்குத்தான்" என்று மேலதிகாரி சொன்னாராமே. அதைப் பெரிய துருப்புச் சீட்டாக நினைக்காதீர்கள். நியமிக்கும் அதிகாரம் இல்லாதவர் கொடுத்த வாக்கு துறையைக் கட்டுப்படுத்தாது. அதைவிட ஒரு ஆபத்து இருக்கிறது. விளம்பரத்துக்கு முன்பே ஒருவருக்குப் பதவியைத் தருவதாகச் சொன்னது உண்மையானால், பிரிவு 11 கேட்கும் திறந்த போட்டிக்கு எதிரான காரியம் அது. அதையே உங்கள் வாதத்தின் தூணாக நட்டால், துறையின் வக்கீல் எழுந்து, "அப்படியானால் இவர்தான் முறைகேட்டால் லாபம் அடையப் பார்த்தவர்" என்று திருப்பிவிடுவார். நடந்ததை மறைக்கச் சொல்லவில்லை. வாதத்தை அதன் மேல் கட்டாதீர்கள் என்கிறேன்.

இப்போது காசு. இங்கேதான் உங்கள் கணவருக்குக் கால் ஊன்ற இடம் இருக்கிறது. மத்திய, மாகாண அரசு ஊழியர்களின் ஆக்டிங் அலவன்ஸுக்கு அடிப்படை, அரசும் யூனியன்களும் உட்கார்ந்து பேசும் பிஎஸ்சிபிசி என்ற பொதுச்சேவை பார்கெயினிங் கவுன்சிலின் 2002-ஆம் வருஷத்து முதல் தீர்மானம். பதவி காலியாக இருக்க வேண்டும், அதற்குப் பட்ஜெட்டில் பணம் இருக்க வேண்டும், எழுத்தில் நியமித்திருக்க வேண்டும், இடைவிடாமல் ஆறு வாரத்துக்கு மேல் ஆக்டிங் பார்த்திருக்க வேண்டும். இதெல்லாம் இருந்தால் அலவன்ஸ் உண்டு. தொகை எவ்வளவு என்றால், இப்போது வாங்கும் நாட்சுக்கும் (ஒரு லெவலுக்குள் இருக்கும் சம்பளப் படிக்கட்டு) மேல் பதவியின் தொடக்க நாட்சுக்கும் உள்ள வித்தியாசம். இதில் பலர் ஏமாந்துபோவார்கள். லெவல் 8-ல் பல வருஷம் ஓட்டி மேல் நாட்சில் இருப்பவருக்கு, லெவல் 9-ன் தொடக்கத்துக்கும் தன் சம்பளத்துக்கும் இடைவெளி கொஞ்சமாகத்தான் இருக்கும். முழு லெவல் 9 சம்பளம் வரும் என்று மனக்கணக்குப் போட்டிருந்தால் அதை அழித்துவிடுங்கள். இந்த அலவன்ஸ் பென்ஷன் கணக்கிலும் சேராது.

அதே தீர்மானம்தான் ஆக்டிங் தொடர்ந்து 12 மாதத்தைத் தாண்டக் கூடாது என்கிறது. பல எச்ஆர் அலுவலகங்கள் இந்த வரியைத் தங்களுக்குச் சாதகமாக வைத்துக்கொள்ளும். "12 மாதத்துக்கு மேல் கொடுக்க ரூல் இல்லை" என்று சொல்லி அலவன்ஸை நிறுத்திவிடும், வேலையை மட்டும் நிறுத்தாது. என் கருத்தில் அந்த வரம்பு முதலாளிக்குப் போட்ட கடிவாளம். 12 மாதத்துக்குள் பதவியை நிரப்பு, இல்லாவிட்டால் இவரை அவருடைய வேலைக்குத் திருப்பி அனுப்பு என்பதுதான் அதன் பொருள். 2016 பப்ளிக் சர்வீஸ் விதிகள் வந்தபோதும் இதே எண்ணம்தான் இருந்தது. பணம் ஒதுக்கிய காலிப் பதவியை ஆறு மாதத்துக்குள் விளம்பரம் செய்து 12 மாதத்துக்குள் நிரப்ப வேண்டும் என்று அவற்றில் எழுதியிருந்தது. விதியை மீறி வேலை வாங்கிவிட்டு, அந்த மீறலையே காரணம் காட்டிக் காசு கொடுக்க மறுப்பது எந்த ஊர் நியாயம்?

ஆனால் கடைசி நான்கு மாதத்துக்குக் கடிதம் இல்லை என்பது உங்கள் பக்கத்து ஓட்டை. "நாங்கள் ஆக்டிங் போடவே இல்லை, அவராகச் செய்தார்" என்பார்கள். அந்த ஓட்டையை அடைக்க வேண்டியது காகிதங்கள். அந்த நான்கு மாதத்தில் அவர் அசிஸ்டன்ட் டைரக்டர் என்ற பெயரில் கையெழுத்திட்ட மெமோக்கள், லீவ் படிவங்கள், மீட்டிங் மினிட்ஸ், மேலதிகாரி அவரை அந்தப் பதவிப் பெயரில் அழைத்து அனுப்பிய ஈமெயில்கள், லெவல் 9-க்குத்தான் ஒப்புதல் அதிகாரம் உண்டு என்ற டெலிகேஷன் தாள். பெர்சல் (அரசின் சம்பளக் கணக்கு முறை) சம்பளச் சீட்டு 16 மாதத்துக்கும் வேண்டும். அலவன்ஸ் வரி எந்த மாதத்தில் தோன்றி எந்த மாதத்தில் மறைந்தது என்று அதில் பளிச்சென்று தெரியும். எச்ஆர் "அந்தப் பதவிக்கு அப்போது பணம் ஒதுக்கவில்லை" என்று சொன்னால், விளம்பரத்தை எடுத்துக் காட்டுங்கள். முதல் 12 மாதம் அலவன்ஸ் கொடுத்தார்கள், நான்கு மாதம் கழித்து அதே பதவியை விளம்பரம் செய்தார்கள், நடுவில் மட்டும் பணம் எங்கே போயிற்று?

இந்தக் காசை எந்த வாசலில் கேட்பது என்பதில் ஒரு சின்ன வரலாறு உண்டு. லேபர் ரிலேஷன்ஸ் சட்டம் பிரிவு 186(2)(ஏ), பதவி உயர்வு, பதவி இறக்கம், தகுதிகாண் காலம், பயிற்சி, சலுகைகள் ஆகியவற்றில் முதலாளி நியாயமின்றி நடப்பதை "அன்ஃபேர் லேபர் ப்ராக்டிஸ்" என்கிறது. ஆக்டிங் அலவன்ஸ் "சலுகை" ஆகுமா? 2000-ல் நார்தர்ன் கேப் மாகாண அரசுக்கு எதிராக ஹோஸ்பெர்சா யூனியன் நடத்திய வழக்கில், ஒப்பந்தத்திலோ சட்டத்திலோ ஏற்கெனவே உரிமை இருந்தால்தான் சலுகை என்று லேபர் அப்பீல் கோர்ட் கதவைப் பாதி சாத்தியது. 2013-ல் அப்போலோ டயர்ஸ் வழக்கில் அதே கோர்ட் கதவை மறுபடி திறந்தது. ஒரு கொள்கையின்படி முதலாளி தன் விருப்பப்படி தரும் அனுகூலமும் சலுகைதான், அந்த விருப்பத்தை நியாயமாகப் பயன்படுத்த வேண்டும் என்றது. ஆகவே இப்போது இரண்டு வழி. ஒன்று அன்ஃபேர் லேபர் ப்ராக்டிஸ். இன்னொன்று, கவுன்சில் தீர்மானத்தை எப்படிப் புரிந்துகொள்வது, எப்படிச் செயல்படுத்துவது என்ற தகராறாக, அதே சட்டத்தின் பிரிவு 24-ன் கீழ் கொண்டுபோவது. இரண்டையும் யூனியனோடு உட்கார்ந்து யோசித்துவிட்டு எழுதுங்கள். தலைப்பைத் தப்பாகப் போட்டுவிட்டு அப்புறம் மாற்ற அலைவது பெரிய தலைவலி.

இனி தேர்வு விஷயம். வெளியாளும் போட்டியிட்ட பதவி என்பதால் இது பதவி உயர்வுத் தகராறே இல்லை, புது வேலைக்கான விண்ணப்பம் என்று துறை சொல்லலாம். அந்த வாதம் 2004-லேயே நீதித்துறை அமைச்சகத்தின் வழக்கில் அடிபட்டுவிட்டது. ஏற்கெனவே அந்த முதலாளியிடம் வேலை பார்ப்பவர் மேல் பதவி கேட்டு மறுக்கப்பட்டால் அது பதவி உயர்வுத் தகராறுதான். ஆனால் அது முதல் படிதான், ஜெயிக்க அதற்கு மேலும் காட்ட வேண்டியது இருக்கிறது.

நம் ஊர்க்காரர்களுக்கு நெருக்கமான ஒரு தீர்ப்பு, குவாடுகுசா முனிசிபாலிட்டி வழக்கு, 2008. பழைய பெயர் ஸ்டாங்கர், கரும்புத் தோட்டங்களுக்கு நடுவில் தமிழ்க் குடும்பங்கள் நிறைய உள்ள ஊர். அங்கே லேபர் கோர்ட் சொன்னதன் சாரம் இது: யாரை உயர்த்துவது என்பது முதலில் முதலாளியின் முடிவு. யோசிக்காமல் செய்தார், பாரபட்சம், கெட்ட எண்ணம் அல்லது மோசடியோடு செய்தார் என்று காட்டினால்தான் நடுவர் தலையிடுவார். அதோடு, அந்தத் தவறு நடக்காமல் இருந்திருந்தால் பதவி எனக்கு வந்திருக்கும் என்றும் காட்ட வேண்டும். இந்தக் கடைசி வரிதான் ஆளைக் கவிழ்ப்பது. பேனலில் ஒரு உறுப்பினர் தன் சொந்தக்காரருக்கு அதிக மார்க் போட்டார் என்று நிரூபித்தே விட்டீர்கள் என்று வையுங்கள். உங்கள் கணவர் ரேங்கில் நான்காவது என்றால், முதல் ஆளைத் தள்ளினாலும் பதவி இரண்டாவது ஆளுக்குத்தான் போகும். அப்போது அவருக்குக் கிடைப்பது, முறை தவறியதற்காக ஒரு சிறு தொகை, சில சமயம் அதுவும் இல்லை. அவர் இரண்டாவது இடத்தில் இருந்து, முதல் ஆளிடம் விளம்பரத்தில் கேட்ட குறைந்தபட்சத் தகுதியே இல்லை என்று தெரிந்தால், கேஸ் வேறு மாதிரி நடக்கும்.

அதனால் முதலில் தெரிய வேண்டியது ரேங்க். ஷார்ட்லிஸ்ட் செய்த அளவுகோல்கள், ஒவ்வொரு பேனல் உறுப்பினரின் மார்க் தாள், பேனலின் பரிந்துரை, அதை மேலே ஏற்றார்களா மாற்றினார்களா என்ற குறிப்பு எல்லாவற்றையும் எழுதிக் கேளுங்கள். தகவல் பெறும் சட்டமான பாயாவில் விண்ணப்பித்தால் 30 நாளுக்குள் பதில் சொல்ல வேண்டும். உங்களிடம் இருக்கும் நாளுக்கு அது இறுக்கம், ஆகவே அதற்காகக் காத்திராமல் தகராறைப் பதிவு செய்துவிட்டுத் தாள்களைத் துரத்துங்கள். நடுவர் முன் போகும்போது சப்பீனா என்ற ஆணை வாங்கியும் கொண்டுவரச் செய்யலாம். தாள் வந்ததும் பார்க்க வேண்டியவை சில. பேனலில் குறைந்தது மூன்று பேர் இருந்தார்களா? அவர்கள் லெவல் 9-க்குச் சமமாகவோ மேலாகவோ இருந்தார்களா? விளம்பரத்தில் இல்லாத ஒரு தகுதி ஷார்ட்லிஸ்டில் திடீரென்று முளைத்ததா? பேனல் ஒருவரைச் சொல்ல, மேலே வேறொருவரைப் போட்டிருந்தால் காரணம் எழுத்தில் இருக்கிறதா?

தகுதி பற்றி ஒரு வார்த்தை. விளம்பரம் டிப்ளமா கேட்டிருந்து உங்கள் கணவரிடம் மெட்ரிக் (பள்ளி இறுதி) மட்டும்தான் என்றால், 16 மாத ஆக்டிங் அந்தக் குறையைத் தானாக நிரப்பாது. ஆனால் எம்ப்ளாய்மென்ட் ஈக்விட்டி சட்டத்தின் பிரிவு 20, தகுதியுள்ளவர் என்பதைப் பட்டத்தால் மட்டும் அளப்பதில்லை. முறையான படிப்பு, முன்பு கற்றது, பொருத்தமான அனுபவம், நியாயமான காலத்தில் வேலையைக் கற்றுக்கொள்ளும் திறன் ஆகியவற்றில் ஏதாவது ஒன்றாலோ பலவற்றாலோ தகுதி வரலாம் என்கிறது. 16 மாதம் அந்த வேலையையே புகாரில்லாமல் செய்தவர் இந்தப் பிரிவை உரக்கப் படித்துக் காட்டலாம். ஆக்டிங்கின் உண்மையான மதிப்பு எனக்குத் தெரிந்து இங்கேதான். பதவிக்கு உரிமைப் பத்திரமாக அது செல்லாது, தகுதிக்குச் சாட்சியாகச் செல்லும்.

அடுத்து, எல்லோரும் குரலைத் தாழ்த்திப் பேசும் விஷயம். "இந்தியர் என்பதால்தான் தரவில்லை" என்று வீட்டில் பேச்சு இருப்பதாக எழுதியிருக்கிறீர்கள். சாட்ஸ்வர்த்தில் எந்தக் கல்யாண வீட்டில் உட்கார்ந்தாலும் இந்தப் பேச்சு வரும். சட்டப்படி இந்தியர்களும் "கறுப்பின மக்கள்" என்ற வரையறைக்குள்தான், அதாவது சலுகை பெறும் பிரிவுக்குள்தான் வருகிறார்கள். ஆனாலும் ஒரு லெவலில் ஏற்கெனவே இலக்குக்கு மேல் இந்தியர்கள் இருந்தால், வேறொரு பிரிவினரைத் தேர்ந்தெடுக்கத் துறைக்கு இடம் உண்டு. பார்னார்ட் வழக்கில் 2014-ல் அரசியல் சாசன நீதிமன்றம் அதை ஏற்றது. 2016-ல் சிறைத்துறை வழக்கில் அதே நீதிமன்றம் ஒரு கடிவாளமும் போட்டது. நாடு தழுவிய மக்கள்தொகைக் கணக்கை மட்டும் வைத்து இலக்கு போட்டது தப்பு, அந்தப் பகுதியின் கணக்கையும் பார்த்திருக்க வேண்டும் என்றது. நமக்கு இதில் என்ன என்று கேட்டால், 2011 கணக்கெடுப்பில் நாடு முழுக்க இந்தியர் 2.5 சதவீதம், குவாசூலு-நட்டாலில் 7.4 சதவீதம். எந்த எண்ணை வைத்துக் கணக்குப் போடுகிறார்கள் என்பதில் ஒரு பதவியே போகலாம், வரலாம். 2013-ல் ஒரு இந்திய வம்சாவளிப் பெண் போலீஸ் அதிகாரியின் வழக்கில், துறையின் கணக்குப்படி இந்தியப் பெண்களுக்கான இலக்கு பூஜ்யம் என்று வந்தது. லேபர் கோர்ட் அதை நியாயமற்ற பாகுபாடு என்றது.

இந்த வழியில் போவதானால் வெறும் மனக்குறை போதாது. எந்த லெவலில் எந்தப் பிரிவினர் எத்தனை பேர் என்ற இலக்கைச் சொல்லும் துறையின் எம்ப்ளாய்மென்ட் ஈக்விட்டி பிளானை வாங்கிப் பாருங்கள். திட்டமே இல்லாமல் "மாற்றம் வேண்டும்" என்று சொல்லி ஒருவரைப் போட்டிருந்தால் அது நிற்காது. குவாசூலு-நட்டால் சுகாதாரத் துறைக்கு எதிரான கோர்டன் வழக்கில் 2008-ல் மேல்முறையீட்டு நீதிமன்றம் அப்படித்தான் தீர்த்தது. திட்டம் இருந்து அதன்படி நடந்திருந்தால், இந்த வாதத்தைத் தொடாமல் விடுவது நல்லது. நல்ல அலவன்ஸ் கேஸையும் அது சேர்த்துக் கெடுத்துவிடும். பாகுபாடு வழக்குக்குக் கெடு ஆறு மாதம், வாசலும் வேறு.

கெடு பற்றி இன்னும் கொஞ்சம். துறைக்குள் க்ரீவன்ஸ் (குறை மனு) கொடுத்திருக்கிறார், அதற்குப் பதில் வரட்டும் என்று காத்திருக்கிறார் என்று எழுதியிருக்கிறீர்கள். காத்திருக்கவே கூடாது. 2003 க்ரீவன்ஸ் விதிகளின்படி துறைக்கு 30 நாள். நடைமுறையில் அது இழுத்துக்கொண்டே போகும், அதற்குள் 90 நாள் முடிந்துவிடும். அப்புறம் தாமதத்தை மன்னிக்கக் கேட்டு தனி விண்ணப்பம் போட வேண்டும், காரணம், கேஸின் பலம் எல்லாம் விளக்க வேண்டும். "க்ரீவன்ஸ் பதிலுக்காகக் காத்திருந்தேன்" என்பதைச் சில நடுவர்கள் ஏற்பார்கள், சிலர் ஏற்க மாட்டார்கள். க்ரீவன்ஸ் அதன் பாட்டுக்கு ஓடட்டும், நீங்கள் உங்களுக்குரிய பார்கெயினிங் கவுன்சிலில் தகராறைப் பதிவு செய்துவிடுங்கள். பொது நிர்வாக ஊழியர்களுக்கு ஜிபிஎஸ்எஸ்பிசி, ஆசிரியர்களுக்கு இஎல்ஆர்சி, மருத்துவமனை ஆட்களுக்குச் சுகாதாரக் கவுன்சில், முனிசிபாலிட்டிக்கு எஸ்ஏஎல்ஜிபிசி. பதிவு செய்யக் கட்டணம் இல்லை. முதலில் சமரசப் பேச்சு, முடியாவிட்டால் தகராறு தீரவில்லை என்ற சான்றிதழ், அதிலிருந்து இன்னொரு 90 நாளுக்குள் நடுவர் விசாரணைக்குக் கேட்க வேண்டும். "லேபர் கன்சல்டன்ட்" என்று போர்டு வைத்துக் காசு வாங்குபவர்களிடம் ஜாக்கிரதை. வழக்கமாக விசாரணையில் ஊழியருக்காகப் பேச யூனியன் பிரதிநிதிக்கும் வக்கீலுக்கும்தான் இடம், கன்சல்டன்ட் கதவுக்கு வெளியே நிற்பார்.

ஜெயித்தால் என்ன கிடைக்கும்? நடுவர் நியாயம் என்று பட்டதை உத்தரவிடலாம். நஷ்டஈடு அதிகபட்சம் 12 மாதச் சம்பளம். சில சமயம் தேர்வை மறுபடி நடத்தச் சொல்வார்கள். "ப்ரொடெக்டிவ் ப்ரொமோஷன்" என்றும் ஒன்று உண்டு: நாற்காலி புதியவரிடமே இருக்கும், உங்கள் கணவருக்கு லெவல் 9 சம்பளமும் சலுகையும் வரும். புதியவரை எழுப்பச் சொல்லிக் கேட்டால் அவரையும் வழக்கில் சேர்க்க வேண்டும், சண்டை இரண்டு பக்கமாகிவிடும். நஷ்டஈடோ ப்ரொடெக்டிவ் ப்ரொமோஷனோ மட்டும் கேட்டால் அந்தச் சிக்கல் இல்லை.

துறை சமரசத்துக்கு வந்து ப்ரொடெக்டிவ் ப்ரொமோஷன் தருகிறேன் என்றால், கையெழுத்துப் போடும் அதிகாரி யார் என்று பாருங்கள். குமாலோ வழக்கு இந்த மாகாணத்துக் கல்வித் துறையில் நடந்ததுதான். 2004-ல் ஒருவருக்குப் பதவி உயர்வு கொடுத்தார்கள். தோற்ற இன்னொருவர் தகராறு செய்ய, அவருக்கு ப்ரொடெக்டிவ் ப்ரொமோஷன் கொடுத்துச் சமரசம் செய்தார்கள். 2008-ல் எம்இசியே கோர்ட்டுக்குப் போய், இரண்டுமே முறைகேடு, ரத்து செய்யுங்கள் என்றார். லேபர் கோர்ட் ரத்தும் செய்தது. 2013 டிசம்பரில் அரசியல் சாசன நீதிமன்றம் அந்த ரத்தை நீக்கியது, ஆனால் நீக்கிய காரணம் எம்இசி இவ்வளவு தாமதமாக வந்தது என்பதுதான். தாமதிக்காமல் வந்திருந்தால் கதை எப்படிப் போயிருக்குமோ. வாங்குகிற சமரசம் சட்டப்படி சுத்தமாக இருக்க வேண்டும் என்பதற்காகச் சொல்கிறேன்.

நாத்தனார் விஷயம் சுருக்கமாக. அவர் எந்த மாதிரி டெம்பரரி என்பதைப் பொறுத்துத்தான் எல்லாம். பிரசவ விடுப்பில் போன டீச்சருக்குப் பதிலாக வந்திருந்தால் அங்கே காலியிடமே இல்லை, விடுப்பு முடிந்ததும் அவர் வேலையும் முடியும். பள்ளியின் அரசு ஒதுக்கீட்டில் உண்மையான காலிப் பதவியில் இருந்தால், எம்ப்ளாய்மென்ட் ஆஃப் எஜுகேட்டர்ஸ் சட்டத்தின் பிரிவு 6பி அவருக்கு உதவும். துறைத் தலைவர், பள்ளி ஆட்சிக் குழுவைக் கலந்து பேசிவிட்டு, அவர்களுடைய பரிந்துரை இல்லாமலே அதே பதவியில் நிரந்தரமாக்கலாம். "ஆக்கலாம்" என்றுதான் இருக்கிறது, "ஆக்க வேண்டும்" என்று இல்லை. அதனால்தான் டெம்பரரி ஆசிரியர்களை மாற்றுவது பற்றி 2018-ல் இஎல்ஆர்சியில் தனி ஒப்பந்தம் போட்டார்கள். அவருடைய யூனியன் அதை வைத்துத்தான் பேச வேண்டும். பள்ளி ஆட்சிக் குழு தன் கட்டண வசூலிலிருந்து சம்பளம் கொடுக்கும் டீச்சர் என்றால் அவருக்கு முதலாளியே வேறு, இந்தச் சட்டம் பொருந்தாது. மூன்று மாதத்துக்கு மேல் கான்ட்ராக்ட் என்றால் நிரந்தரம் என்று யாரோ சொன்னார்களாம். அது லேபர் ரிலேஷன்ஸ் சட்டம் 198பி, 2015-ல் வந்தது. வேறொரு சட்டமோ கூட்டு ஒப்பந்தமோ அனுமதிக்கும் கான்ட்ராக்டுக்கும், வருமான வரம்புக்கு மேல் சம்பாதிப்பவருக்கும் அது கிடையாது, ஆகவே அரசு ஆசிரியர் அதை நம்பி இருக்க வேண்டாம். கான்ட்ராக்டைத் திடீரென்று புதுப்பிக்காமல் விட்டால், புதுப்பிப்பார்கள் என்று எதிர்பார்க்க நியாயமான காரணம் இருந்தது என்று காட்டி டிஸ்மிஸலாகவே எடுத்துப்போகலாம். ஆனால் அதற்குக் கெடு 30 நாள். 90 என்று நினைத்து ஏமாறக் கூடாது.

கடைசியாக, புதிதாக வந்தவருக்கு உங்கள் கணவரையே வேலை கற்றுக்கொடுக்கச் சொல்கிறார்கள், மறுத்துவிடலாமா என்று கேட்டிருந்தீர்கள். வயிறு எரியும், எனக்குப் புரிகிறது. மறுத்தால் அது உத்தரவை மீறியதாக ஆகி, நேற்றுவரை சுத்தமாக இருந்த அவருடைய ஃபைலில் ஒரு ஒழுங்கு நடவடிக்கை ஏறும். ஃபைல்களை ஒப்படைக்கட்டும், பட்டியல் போட்டுக் கையெழுத்து வாங்கிக்கொள்ளட்டும். அந்தப் பட்டியலே 16 மாதமும் எந்த வேலையை யார் செய்தார் என்பதற்கு நல்ல சாட்சியாகும். லெவல் 9 வேலையை இனியும் செய்யச் சொன்னால், புது ஆக்டிங் கடிதம் வருகிறதா என்று ஈமெயிலில் மரியாதையாக ஒரு வரி கேட்டுவிட்டு, பதில் வரும்வரை லெவல் 8 வேலையைப் பார்க்கட்டும்.